சூனியப் பழி சுமந்த பெண்ணை ஊரில் திரும்பச் சேர்ப்பது எப்படி: வட கானாவில் வேலை செய்வோருக்கு

வட கானாவில் மருத்துவமனை, பள்ளி, சட்ட உதவி, தொண்டு நிறுவனம் என்று எதில் வேலை பார்த்தாலும் இந்த விவகாரம் ஒரு நாள் உங்கள் வாசலுக்கு வரும். ஊரில் ஒரு குழந்தை இறந்திருக்கும். பக்கத்து வீட்டு மூதாட்டிதான் சூனியத்தால் அதன் உயிரைத் தின்றுவிட்டார் என்று அடித்துத் துரத்தியிருப்பார்கள். அப்போது என்ன செய்வது, பிறகு அவரைத் திரும்பக் குடியமர்த்த முடியுமா என்பதைப் பற்றியது இந்தக் கையேடு. டகோம்பா, மம்ப்ருசி, நனும்பா, கொன்கொம்பா மக்கள் வாழும் பகுதிகளை வைத்து எழுதியிருக்கிறோம். காங்கோவின் கின்ஷாசாவிலும் நைஜீரியாவின் அக்வா இபோம் மாநிலத்திலும் பழி விழுவது குழந்தைகள் மேல். அதை ஊதிப் பெருக்குவது பல நேரம் தேவாலய ஊழியர்கள். அங்கே இந்த வழிமுறை பொருந்தாது.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறோம். 'சூனியம் என்று ஒன்று இல்லை' என்று ஊரை ஒப்புக்கொள்ள வைக்கும் வேலையில் இறங்காதீர்கள். அதில் ஜெயித்தவர் யாருமில்லை. அப்படியே ஜெயித்தாலும் அந்தப் பெண்ணுக்கு ஒரு கூரை கிடைத்துவிடாது. மலேரியா கொசுவால் வருகிறது என்பது அந்த ஊருக்கும் தெரியும். ஊர் கேட்கும் கேள்வி வேறு: அதே கொசு எத்தனையோ பேரைக் கடித்தது, என் பிள்ளை மட்டும் ஏன் செத்தது? இதற்கு ஆய்வகச் சீட்டில் பதில் இல்லை. நீங்கள் சாதிக்க வேண்டியவை இரண்டு. யாரும் கை ஓங்கக் கூடாது. அந்த வீட்டில் ஒருவராவது 'இவர் என் பொறுப்பு' என்று ஊரறியச் சொல்ல வேண்டும்.

பழி எங்கிருந்து வருகிறது

பழி சுமப்பவர்களில் மிகப் பெரும்பாலோர் வயதான பெண்கள். அதிலும் கணவனை இழந்து, அண்ணன் தம்பி வீட்டுக்கோ புகுந்த வீட்டின் ஓர் ஓரத்துக்கோ வந்து சேர்ந்தவர்கள். வளர்ந்த மகன் அருகில் இருந்தால் பெரும்பாலும் யாரும் வாய் திறப்பதில்லை. மகன் குமாசிக்கோ அக்ராவுக்கோ பிழைக்கப் போயிருந்தால் துணிச்சல் வந்துவிடும். இன்னொரு வகையும் உண்டு: சந்தையில் நன்றாகச் சம்பாதிக்கும், யாருக்கும் அடங்காத, வாய்த் துடுக்குள்ள பெண். சக்களத்திச் சண்டை, நிலத் தகராறு, திருப்பித் தராத கடன் ஆகியவை பின்னால் ஒளிந்திருக்கும்.

சான்றாக வைக்கப்படுவது பெரும்பாலும் கனவு. 'கனவில் என்னைத் துரத்தினாள்' என்று காய்ச்சலில் கிடப்பவர் சொன்னாலே போதும். பிறகு குறி சொல்பவரிடம் போவார்கள். அவரை டகோம்பா மக்களின் டக்பானி மொழியில் 'பகா' என்பார்கள். வறண்ட காலத்தில், முக்கியமாகப் பிப்ரவரி முதல் ஏப்ரல் வரை, மூளைக்காய்ச்சல் பரவும். ஒரே வளாகத்தில், அதாவது ஒரு முற்றத்தைச் சுற்றி உறவினர் சேர்ந்து வாழும் குடிசைகளில், இரண்டு மூன்று பேர் அடுத்தடுத்துச் சாகலாம். மழைக்காலத்தில் மலேரியாவும் பாம்புக்கடியும். பழி எழும் மாதங்களைக் குறித்து வைத்தால் பெரும்பாலும் இந்த நோய் மாதங்களோடு ஒத்துப்போகும்.

ஞாபக மறதி நோயைத் தனியாகச் சொல்ல வேண்டும். இரவில் வெளியே அலைவது, துணி விலகியதை உணராமல் நிற்பது, தனக்குள் பேசிக்கொள்வது எல்லாம் ஊர்க்கண்ணில் சூனியக்காரியின் அடையாளங்கள். இப்படிக் கேள்விப்பட்டால் மாவட்ட மருத்துவமனையின் மனநலச் செவிலியரைக் கூட்டிப்போய்க் காட்டுங்கள். 'நோய்' என்று ஒரு சீருடைக்காரர் குடும்பத்தாரிடம் சொல்வது சில வீடுகளில் எடுபடுகிறது. எல்லா வீடுகளிலும் அல்ல.

முதல் 24 மணி நேரம்

கூட்டம் கூடிவிட்டது என்று தகவல் வந்தால் முதல் அழைப்பு போலீசுக்கு (191 அல்லது 112), இரண்டாவது அந்த ஊர்த் தலைவரின் வீட்டுக்கு. இரண்டும் வேண்டும். போலீஸ் நிலையம் மண் சாலையில் ஒரு மணி நேரத் தொலைவில் இருக்கலாம். தலைவர் வீடு கூப்பிடு தூரம். அவர் தன் முற்றத்துக்குள் அந்தப் பெண்ணை உட்கார வைத்துவிட்டால் அங்கே புகுந்து அடிக்கப் பெரும்பாலும் யாரும் துணிவதில்லை. ஆனால் தலைவரின் உறவினரே பழி சொன்னவர் என்றால் அது பாதுகாப்பான இடமில்லை. போன் செய்யும்போதே 'பழி சொன்னது யார்' என்று கேட்டுவிடுங்கள்.

தாமதத்தின் விலை என்ன என்பதற்குக் காஃபபா சாட்சி. சவன்னா மாகாணத்தில் உள்ள அந்த ஊரில் 2020 ஜூலையில் 90 வயது மூதாட்டி ஒருவரைப் பட்டப்பகலில், பலர் பார்த்து நிற்க, அடித்தே கொன்றார்கள். ஊரார் வரவழைத்த குறிகாரி கை காட்டியதில் தொடங்கியது அது. 2023-இல் இரண்டு பெண்களுக்கு 12 ஆண்டுச் சிறைத் தண்டனை கிடைத்தது.

அங்கே போய்ச் சேர்ந்ததும் வீடியோ எடுக்காதீர்கள். கேமராவைக் கண்டால் கூட்டத்துக்கு வெறி ஏறும். படம் வாட்ஸாப்பில் போனால் அந்தப் பெண்ணின் முகம் எல்லா ஊருக்கும் தெரிந்துவிடும், பிறகு எந்த ஊரில் குடியேற்றுவது? யார் சரி, யார் தவறு என்ற பேச்சையும் எடுக்க வேண்டாம். 'இவருக்கு அடிபட்டிருக்கிறது, மருத்துவமனைக்குப் போகிறோம்' என்ற ஒரே வாக்கியத்தைத் திரும்பத் திரும்பச் சொல்லி வண்டியில் ஏற்றுங்கள். கார் கிடைக்காத ஊரில் மோட்டார் கிங் எனப்படும் மூன்று சக்கரச் சரக்கு வண்டி கிடைக்கும்; படுக்க வைக்க அதுவே வசதி. இரவில் மோட்டார் சைக்கிள் பின்னால் தனியாக ஏற்றி அனுப்புவது ஆபத்து. உறவுப் பெண் ஒருவர் கட்டாயம் உடன் வரட்டும். அப்படி வருபவர்தான் பிறகு உங்களுக்குக் கிடைக்கப்போகும் முதல் கூட்டாளி.

மருத்துவமனையில் தலைக்காயம், விலா எலும்பு முறிவு, கண் ஆகியவற்றை முதலில் பார்க்கச் சொல்லுங்கள். காயம் திறந்திருந்தால் டெட்டனஸ் ஊசி. 'உண்மை வரவழைக்க' ஏதாவது குடிக்க வைத்தார்களா என்று கேளுங்கள். என்ன கலந்தார்கள் என்று அவருக்கே தெரியாது, மீதம் கிடைத்தால் பாட்டிலோடு கொண்டு போங்கள். அடிதடி வழக்குக்குப் போலீஸ் தரும் மருத்துவப் படிவம் தேவை. அதற்காகச் சிகிச்சையைத் தாமதிக்க விடாதீர்கள். படிவத்தைப் பின்னாலேயே வாங்கி நிரப்பலாம்.

எழுதி வைக்க வேண்டியவை

இரண்டாம் நாளே விசாரணைக் குறிப்பு எழுதுங்கள். நாளாக ஆக ஊர்க்கதை ஒரே அச்சில் வார்த்த மாதிரி ஆகிவிடும். மொழிபெயர்ப்பவர் பெண்ணாக, அந்தக் குடும்பத்துக்கு உறவில்லாதவராக இருக்க வேண்டும். 'நீங்கள் சூனியம் வைத்தீர்களா' என்ற கேள்வி கூடவே கூடாது. கேட்க வேண்டியவை: முதலில் வாய் திறந்தது யார், எந்த நாளில்? யாருக்கு என்ன நோய், எங்கே சிகிச்சை? குறிகாரரிடம் யார் போனார்கள், காசு யார் கொடுத்தது? அந்தப் பெண் உழுத நிலம் இப்போது யார் கையில்? பிள்ளைகள் எங்கே, போன் எண் என்ன?

கடைசி இரண்டும்தான் மற்ற எல்லாவற்றையும் விட முக்கியம். நிலம் யாரிடம் போனது என்பது அவர் திரும்பி வந்தால் யாருக்கு வயிறு எரியும் என்பதைச் சொல்லும். பிள்ளைகளின் எண், யாரைப் பிடித்துத் தொடங்குவது என்பதைச் சொல்லும்.

சில பெண்கள் 'ஆம், நான்தான்' என்று ஒப்புக்கொண்டிருப்பார்கள். அதைக் கண்டு குழம்ப வேண்டாம். அடி தாங்காமல் சொன்னவர்கள் உண்டு. சொன்னால் உயிரோடு விடுவார்கள் என்று சொன்னவர்கள் உண்டு. துக்கத்திலும் மனச்சோர்விலும் தன் மேலேயே சந்தேகம் கொண்டவர்களும் உண்டு. குறிப்பில் 'அடிக்குப் பின் சொன்னது' என்று எழுதுங்கள். எங்கும் 'சூனியக்காரி' என்று எழுதாமல் 'பழி சுமத்தப்பட்டவர்' என்றே எழுதுங்கள். அந்தத் தாள் எந்த அலுவலகத்து மேசையில் யார் கண்ணில் படும் என்று சொல்ல முடியாது.

சட்டம் எவ்வளவு தூரம் வரும்

கானாவின் 1960-ஆம் ஆண்டுக் குற்றச் சட்டத்தில் தாக்குதல், கொலை மிரட்டல், காயம் விளைவித்தல் எல்லாம் குற்றம். 1992 அரசமைப்பின் 26-ஆம் பிரிவு மனிதரை இழிவுபடுத்தும் வழக்காறுகளைத் தடை செய்கிறது. ஆனால் 'இவள் சூனியக்காரி' என்று பழி சொல்வதையே தனிக் குற்றமாக்கும் திருத்த மசோதா 2023 ஜூலையில் நாடாளுமன்றத்தில் நிறைவேறியும் சட்டமாகவில்லை. தனிநபர் மசோதா அரசுக்குச் செலவு வைக்கிறது, அரசமைப்பின் 108-ஆம் பிரிவுக்கு ஒவ்வாது என்று சொல்லி அன்றைய அதிபர் அக்குஃபோ-அடோ கையெழுத்திட மறுத்துவிட்டார். புதிய நாடாளுமன்றத்தில் 2025-இல் மசோதா மறுபடி வந்தது. தலைவரிடம் 'சட்டப்படி குற்றம்' என்று பேசப் போகும் முன் அதன் இன்றைய நிலையை விசாரித்துக்கொள்ளுங்கள். இல்லாத சட்டத்தைச் சொல்லி மிரட்டி, படித்த பையன் ஒருவன் எழுந்து திருத்தினால் அத்தோடு உங்கள் பேச்சு எடுபடாது. மலாவியில் நிலைமை வேறு; அங்கே 1911-ஆம் ஆண்டுச் சட்டமே பழி சொல்வதைக் குற்றமாக்கியிருக்கிறது. அப்படியும் அங்கே பழி நின்றபாடில்லை.

வழக்கு எப்போது? உடலில் காயம் இருந்தால், வீட்டை எரித்திருந்தால், கொல்வதாக மிரட்டியிருந்தால் தயங்காமல் பதியுங்கள். காவல்துறையில் குடும்ப வன்முறைக்கென்று தனிப் பிரிவு இருக்கிறது, அங்கே போங்கள். மனித உரிமை, நிர்வாக நீதி ஆணையத்திலும் புகார் தரலாம். வெறும் வாய்ப்பேச்சாக இருந்தால் வழக்கைக் கையில் வைத்துக்கொண்டு பேச்சுவார்த்தைக்குப் போவது நல்லது. மருமகனைச் சிறைக்கு அனுப்பிவிட்டு அதே முற்றத்தில் மாமியாரைக் குடியமர்த்துவது நடக்காது.

முகாமுக்குப் போய்விட்டால்

அடிபட்ட பெண்களில் பலர் உங்களிடம் வரும் முன்பே கம்பாகா, குக்குவோ, ஞானி, பாட்டிங்கா போன்ற இடங்களில் ஒன்றுக்குப் போயிருப்பார்கள். வெளியே 'சூனியக்காரி முகாம்' என்று பெயர் வாங்கிய இடங்கள் இவை. முள்வேலி கிடையாது, காவலாளி கிடையாது. ஊரோடு ஒட்டிய மண் குடிசைகள். கம்பாகாவில் அவர்களைக் காப்பது கம்பரானா என்று அழைக்கப்படும் தலைவர். மற்ற இடங்களில் நிலத்தெய்வத்தின் பூசாரியான டிண்டானா. அந்த மண்ணில் சூனியம் பலிக்காது என்ற நம்பிக்கைதான் அங்கே வேலி. அதனால்தான் ஊரார் துரத்திக்கொண்டு உள்ளே வருவதில்லை. யெண்டிக்கு அருகே உள்ள ஞானியில் ஆண்களும் இருக்கிறார்கள்.

புதிதாக வருபவருக்குக் கோழிச் சடங்கு நடக்கும். கழுத்தறுத்த கோழி துடித்து அடங்கும்போது மல்லாந்து விழுந்தால் குற்றமற்றவர், குப்புற விழுந்தால் குற்றவாளி. கோழி மல்லாந்து விழுந்தாலும் பல குடும்பங்கள் கூட்டிப்போக வருவதில்லை. ஆகவே சடங்கு முடிவைப் பெரிய வெற்றியாக எடுத்துக்கொள்ள வேண்டாம். பேச்சில் ஒரு துணையாக மட்டும் பயன்படுத்துங்கள்.

முகாமில் பாதுகாப்பு உண்டு, வயிற்றுக்கு உத்தரவாதம் இல்லை. பெண்கள் பிறர் நிலத்தில் கூலி செய்வார்கள், விறகு பொறுக்குவார்கள், சந்தை முடிந்த பிறகு தரையில் சிந்திய தானியத்தைக் கூட்டி அள்ளுவார்கள். குக்குவோவில் தண்ணீருக்கு ஓட்டி ஆற்றுக்கு நடக்க வேண்டும். துணைக்கு அனுப்பப்பட்ட பேரன் பேத்திகளின் படிப்பு அங்கே நின்றுவிடுவதுண்டு. இதையெல்லாம் பார்த்துவிட்டு 'முகாமை மூடு' என்று கோஷம் போடத் தோன்றும். 2014 டிசம்பரில் போன்யாசி முகாம் மூடப்பட்டது. போக வீடு ஏற்பாடாகாத நிலையில் மற்றவற்றையும் மூடினால் அந்தப் பெண்களை அடித்தவர் கையிலேயே ஒப்படைக்கிறோம் என்று அர்த்தம்.

பொறுப்பேற்கும் ஆளைத் தேடுதல்

எங்கள் கணிப்பில் வேலையின் முக்கால் பங்கு இதுதான். தேட வேண்டிய வரிசை: முதலில் மகன், பிறகு கூடப்பிறந்தவர், பிறகு மணமான மகளின் கணவர். மகள் மட்டும் 'வா அம்மா' என்றால் போதாது. வீடு அவள் கணவனுடையது, மாமியார் வாய் திறந்தால் மூன்றே மாதத்தில் திரும்ப முகாம். வளாகத்தின் மூத்த ஆண் சம்மதிக்க வேண்டும்.

ஒரே சந்திப்பில் பதில் கேட்காதீர்கள். முதல் தடவை நலம் விசாரித்துவிட்டு வந்துவிடுங்கள். இரண்டாம் தடவை அந்தப் பெண்ணின் செய்தியைக் கொண்டு போங்கள், முடிந்தால் அவர் குரலையே போனில் பதிவு செய்து. மூன்றாம் தடவைதான் விஷயத்துக்கு வர வேண்டும். 'இங்கேதான் வர வேண்டும்' என்றில்லை. பழி எழுந்த ஊர் ஒத்துவராது என்று தெரிந்தால் உறவினர் இருக்கும் வேறு ஊர் பல நேரம் மேல். பழி சொன்னவரின் கண்ணில் தினமும் படாமல் இருப்பதே பாதிப் பாதுகாப்பு.

தலைவரின் முன்னால்

ஆள் கிடைத்ததும் ஊர்த் தலைவரிடம் போகலாம். கோலாக் கொட்டையும் ஒரு சிறு தொகையும் கொண்டு போங்கள். செருப்பைக் கழற்றி, குந்தி, மெல்லக் கை தட்டி வணக்கம் சொல்ல வேண்டும். நேராகத் தலைவரைப் பார்த்துப் பேசாமல் அவருடைய பேச்சாளரான வுலானா வழியே பேசுங்கள். அவசரம் காட்டினால் காரியம் கெடும்.

பேச்சின் சாரம் இவ்வளவுதான்: 'அவர் வருகிறார். இன்னார் பொறுப்பேற்கிறார். யாருக்காவது அவர்மேல் குறை இருந்தால் தலைவரிடம் சொல்லட்டும், கை ஓங்க வேண்டாம்.' தலைவர் இதை ஊர்க்கூட்டத்தில் தன் வாயால் சொல்ல வேண்டும். பழி சொன்னவரும் இமாமும் போதகரும் அந்தக் கூட்டத்தில் இருக்கட்டும். உடன்பாட்டை ஒரு பக்கத்தில் எழுதி, கைரேகையோ கையெழுத்தோ வாங்கி, நகலைப் போலீசிடமும் சமூக நலத்துறையிடமும் கொடுங்கள்.

இங்கே ஒரு சங்கடம் வரும். முகாமை விட்டுக் கிளம்பும் முன் சுத்திகரிப்புச் சடங்கு வேண்டும், 'சக்தி போய்விட்டது' என்று டிண்டானா அறிவிக்க வேண்டும் என்று ஊர் கேட்கும். அதற்கு ஆடு, கோழி, மது, பணம் என்று செலவும் உண்டு. சடங்குக்கு இணங்கினால் அவர் சூனியக்காரியாக இருந்தார் என்பதை ஒப்புக்கொண்டதாகாதா? ஆகும்தான். எங்கள் முடிவு இது: அந்தப் பெண் விரும்பினால், உடலுக்குக் கேடான எதையும் குடிக்க வைக்காவிட்டால், தடுக்காதீர்கள். செலவைக் குடும்பம் ஏற்கட்டும், நிறுவனம் ஏற்றால் கட்டணம் ஏறிக்கொண்டே போகும். என்னென்ன, எவ்வளவு என்று முன்கூட்டியே கேட்டு எழுதி வாங்குங்கள். கிளம்பும் காலையில் புதிதாக ஒரு ஆடு முளைப்பது சகஜம்.

எப்போது, என்னென்ன கையில்

அறுவடை முடிந்து வீட்டில் தானியம் இருக்கும் நவம்பர், டிசம்பர் நல்ல மாதங்கள். சாலையும் காய்ந்திருக்கும். மே முதல் ஆகஸ்ட் வரை பஞ்ச மாதங்கள். அப்போது இன்னொரு வாயைக் கொண்டுவந்து விட்டால் முதல் வாரமே முணுமுணுப்பு.

உணவுக் கணக்கு: ஒரு பெரியவருக்கு நாளைக்கு 400 கிராம் தானியம் என்றால் ஆறு மாதத்துக்கு 72 கிலோ. உடன் ஒரு குழந்தை இருந்தால் 250 கிராம் வீதம் 45 கிலோ. ஆக 117 கிலோ. 100 கிலோ மூட்டை ஒன்றும் சில்லறையும். இதை அவர் பெயரில் தனியாகக் கொடுக்காமல் வீட்டுக் களஞ்சியத்துக்குக் கொடுங்கள். தகரக் கூரை, புது மெத்தை, ஆட்டுக்குட்டி என்று அவருக்கு மட்டும் கொடுப்பதுதான் நல்ல மனசோடு செய்யப்படும் மிகப் பெரிய தவறு. பக்கத்துக் குடிசைகள் புல் வேய்ந்திருக்க இவருடையது மட்டும் பளபளத்தால் அடுத்த பழிக்கு விதை அங்கேயே விழுகிறது. அவர் குடிசைக்குப் புல், வளாகத்துக்கே பொதுவாக ஒரு தண்ணீர்த் தொட்டி என்று செய்யலாம். ஷியா வெண்ணெய் தொழிலுக்கு முதல் தருவதானால் அந்த ஊர்ப் பெண்கள் குழு வழியாக, குழுவில் அவரும் ஒருவராக.

தேசிய அடையாள அட்டையான கானா கார்டு, மருத்துவக் காப்பீடு (70 வயதுக்கு மேல் சந்தா கிடையாது), ஆதரவற்ற முதியோருக்கு இரண்டு மாதத்துக்கு ஒருமுறை வரும் லீப் உதவித்தொகை ஆகிய மூன்றையும் கிளம்பும் முன்பே முடித்துவிடுங்கள். கையில் சொந்தக் காசு வரும் கிழவியை வீடு எளிதில் விரட்டாது.

முதல் ஆண்டு

கொண்டுவிட்டதோடு வேலை முடிந்தது என்று விட்டுவிடும்போதுதான் பெரும்பாலும் தோற்கிறோம். முதல் வாரத்தில் ஒரு தடவை, முதல் மாத முடிவில் ஒரு தடவை, பிறகு மூளைக்காய்ச்சல் பருவத்திலும் மழைக்காலத்திலும் மாதம் ஒரு தடவை நேரில் போங்கள். நிறுவன வண்டியில் கொடி பறக்கப் போக வேண்டாம். ஊர்ச் சுகாதார மையச் செவிலியரையே பார்த்துவரச் சொன்னால் யார் கண்ணையும் உறுத்தாது. போனால் அவரைத் தனியே சந்தியுங்கள். எங்கே சாப்பிடுகிறார், குழந்தைகள் அவர் கையால் வாங்கிச் சாப்பிடுகிறார்களா என்று பாருங்கள். அவர் சமைத்ததை வீடு தொடவில்லை என்றால் சந்தேகம் இன்னும் அடங்கவில்லை.

அந்த வளாகத்தில் ஒரு சாவு விழுந்தால் என்ன செய்வது என்பதை முன்பே பேசி முடித்திருக்க வேண்டும். பொறுப்பேற்றவர் அன்றே உங்களுக்கு போன் செய்வார், அந்தப் பெண் துக்க நாட்களில் இன்ன உறவினர் வீட்டில் இருப்பார், வண்டி இன்னாருடையது. போன் எண்ணை ஒருவரிடம் மட்டும் கொடுத்துவிட்டு வராதீர்கள், சார்ஜ் இல்லாத போன் யாரையும் காப்பாற்றாது.

போக மாட்டேன் என்பவர்கள்

சிலர் உறுதியாக மறுப்பார்கள். முகாமிலேயே இருபது முப்பது ஆண்டுகள் கழித்துவிட்டவர்களுக்கு அங்கே தோழிகள் இருக்கிறார்கள். ஊரில் இருப்பது அடித்தவர்கள்தான். அவர்களை எண்ணிக்கைக்காக வற்புறுத்தி அனுப்பாதீர்கள். நிதி தருபவர் 'எத்தனை பேர் திரும்பினார்கள்' என்று கேட்டால், அங்கேயே வாழ்பவர்களுக்குச் செய்ததையும் அறிக்கையில் அதே அளவு இடத்தில் எழுதுங்கள்: மழைக்கு முன் வேய்ந்த கூரைகள், கைபம்பு, பள்ளியில் சேர்த்த பேரக்குழந்தைகள், புதுப்பித்த காப்பீட்டு அட்டைகள். பெண்களின் தலைவியான மகசியாவிடம் கேட்டால் எந்தக் குடிசை ஒழுகுகிறது என்று வரிசையாகச் சொல்வார். ஏப்ரலுக்குள் அந்தப் பட்டியலை வாங்கிவிடுங்கள். மழை தொடங்கிய பின் வேய்வதற்கு ஆள் கிடைக்க மாட்டார்கள், எல்லோரும் வயலில் இருப்பார்கள்.